கிணத்துப் பங்கு

போன வாரம் கோவில்பட்டி கோர்ட்டுக்குப் போயிருந்தேன். பதறாதீர்கள்... கேஸ் என்னுடையது இல்லை. என்னோடு பள்ளிக்கூடத்தில் படித்த சுப்பையாவுக்கும் அவர் தம்பி கோவிந்தனுக்கும் நடந்த பாகப்பிரிவினை வழக்கு. அன்றைக்குச் சமாதானமாக முடியப்போகிறது, துணைக்கு வா என்று கூப்பிட்டார் சுப்பையா.

அப்பா இறந்ததும் பட்டாவைத் தன் பெயருக்கு மாற்றிக்கொண்டவர் அவர். ஒரு வசதிக்குத்தான் என்றார். தம்பி நம்புவானா? வக்கீல் நோட்டீஸ் விட்டான். அப்புறம் வாய்தா, வாய்தா, வாய்தா... இடைசெவலில் ஒரே தெருவில் குடியிருந்துகொண்டு, ஒரே பஸ்ஸில் கோர்ட்டுக்கு வந்துபோனார்கள் — ஒரு வார்த்தை பேசாமல்.

கடைசியில் வக்கீல்கள் இருவரும் எங்கள் பக்கத்து வழக்கத்துக்கே வந்து சேர்ந்தார்கள். மூத்தவர் பங்கு பிரிக்கணும். இளையவர் முதலில் எடுக்கணும். யாரும் யாரையும் ஏமாற்ற முடியாதே!

சுப்பையா பிரித்திருந்தார். ரோட்டை ஒட்டிய கரிசல் புஞ்சை ஒரு பங்கு. பெரிசுதான், ஆனால் வானம் பார்த்த பூமி. இன்னொரு பங்கு சின்னது. அதில் கிணறு இருக்கிறது. போன கோடையில்தான் ஆழப்படுத்தினார், ஊற்று நன்றாகப் பிடித்துவிட்டது.

கோர்ட் வாசலில் டீ குடிக்கும்போது என்னிடம் சொன்னார்: "கிணத்துப் பங்கை அவனே எடுத்துக்கிடட்டும்டே. எம் மகன் தூத்துக்குடியில எஸ்.டி.டி. பூத் வச்சிருக்கான், சோத்துக்குக் கவலையில்லை. இவனுக்கு வெள்ளாமையை விட்டா என்ன இருக்கு? நான் செஞ்சதுக்கு இதையாவது செய்யணும்லா."

சமாதான மனு டைப் ஆகிவிட்டது. யாருக்கு எந்தப் பங்கு என்று பெயர் எழுதுவதுதான் பாக்கி. சும்மா இருந்திருக்கலாம்... மனசு கேட்கவில்லை மனிதருக்கு. வராந்தாவில் நின்ற தம்பியிடம் நேராகப் போனார்.

"ஏலே கோயிந்தா... கிணத்துப் பக்கத்தை எடுத்துக்கோ. தண்ணி நல்லா கெடக்கு."

அவ்வளவுதான். கோவிந்தன் முகம் மாறிவிட்டது. தன் வக்கீலை வராந்தா ஓரமாக இழுத்துக்கொண்டு போனான். அவன் பேசியது எங்கள் காதிலும் விழுந்தது.

"இத்தனை வருசம் பேசாத மனுசன் இன்னைக்கு வலிய வந்து ஏன் சொல்லுதாரு? கெணறு வத்திப்போச்சு போல. எனக்கு ரோட்டுப் புஞ்சையே எழுதுங்க சார்."

காலை வரை கிணற்றுப் பங்குதான் வேண்டும் என்று ஒற்றைக்காலில் நின்றானாம்.

சுப்பையா பதறிப்போய் மறுபடி பேசப் போனார். பேசினால் சந்தேகம் கூடத்தான் செய்யும் என்று அவர் வக்கீல் தடுத்துவிட்டார். உள்ளே ஜட்ஜ் கேட்டார்: சம்மதமா? தம்பி சத்தமாகச் சொன்னான். அண்ணன் தலையை மட்டும் ஆட்டினார்.

பங்காளிச் சண்டையில் நிலமும் பணமும்தான் போகும் என்று நினைத்திருந்தேன். கூடப் பிறந்தவன் நல்லது சொன்னால்கூடச் சூழ்ச்சியாகக் கேட்கிறதே... இதற்கு எந்தக் கோர்ட்டில் மனுப் போடுவது? எனக்கு ரொம்பவே வருத்தமாக இருந்தது.

வெளியே வந்ததும் கோவிந்தன் என்னிடம் வந்தான். முகமெல்லாம் சிரிப்பு. "பாத்தீங்களா அண்ணாச்சி, இந்தத் தடவை நான் ஏமாறலை" என்று சொல்லிவிட்டு பஸ் ஸ்டாண்ட் பக்கம் நடந்தான்.

உண்மையைச் சொல்லிவிட அவன் பின்னாலேயே கிளம்பினேன். சுப்பையா என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"விடுடே. நீ எனக்காகப் பேசுதன்னுதான் நெனைப்பான். எத்தனை வருசம் கழிச்சு இன்னைக்குச் சிரிச்சிருக்கான்... போகட்டும்."