சொல்லக் கூசியவரும் கேட்கக் கூசியவரும்

ஊராருக்குச் சம்பளம் போடுவதுதான் விஜயகுமாரியின் தொழில். அதனால் பெரிய முதலாளி என்று நினைத்துவிட வேண்டாம். பணம் கம்பெனிகளுடையது, தலைவலி மட்டும் இவருடையது. பர்மாவில், தாமுவே சந்தைக்குப் பின்னால் ஒரு தேநீர்க் கடையின் மாடியில் இரண்டு அறை வைத்திருக்கிறார். பிஸ்கட் கம்பெனி, அச்சகம், ஐஸ் தொழிற்சாலை என்று பல இடங்களுக்குச் சம்பளப் பட்டியல் போடுவது, வரி பிடிப்பது, புது ஆட்களைத் தொழிலாளர் காப்பீட்டில் பதிவது எல்லாம் அங்கேதான் நடக்கிறது. அந்தக் காகிதங்களைத் தூக்கிக்கொண்டு ஆபீஸ் ஆபீஸாக அலைகிறவன் நான்.

அவர் இன்சீன் ரயில்வே குடியிருப்பில் பிறந்தவர். அப்பா பட்டறையில் ஃபிட்டர். அரசாங்கப் பதிவில் விஜயகுமாரிக்குப் பர்மாப் பெயர், டோ வின் வின். அதிகாரிகளுக்கு அவரை அப்படித்தான் தெரியும். இங்கே விதிகள் மாறிக்கொண்டே இருக்கும். புதுச் சுற்றறிக்கை வந்தால் மற்றவர்கள் டிவி தொடர் பார்ப்பது போல அவர் விடாமல் உட்கார்ந்து படிப்பார். ஆனால் படித்ததைக் கம்பெனிக்காரரிடம் சொல்லும்போதுதான் எனக்கு எரிச்சல் வரும். ‘சட்டம் இதுதான், செய்யுங்கள்’ என்று சொல்லவே மாட்டார். ‘இப்படிச் செய்தால் நன்றாக இருக்குமோ என்று தோன்றுகிறது’ என்பார். கம்பெனிக்காரர்கள் அவரை விட்டுப் போகாததற்கும் அதுதான் காரணம் என்பதை ஒப்புக்கொள்ள வேண்டும்.

பர்மாக்காரர்கள் இதை ‘அனாடே’ என்பார்கள். எதிரில் இருப்பவருக்குச் சங்கடம் வந்துவிடுமோ என்று சொல்ல வந்ததை விழுங்கிவிடுவது. வாயுள்ள பிள்ளை பிழைக்கும் என்று நம் முன்னோர் கப்பலேறி வந்தார்கள். வந்த இடத்தில் மூன்று தலைமுறைக்குள் வாயைத் தொலைத்துவிட்டோம்.

பிஸ்கட் கம்பெனி பர்கத்துல்லாவுடையது. விஜயகுமாரி தனியாகத் தொழில் தொடங்கியபோது, நம்பி முதலில் வேலை கொடுத்தவர் அவர்தான். அந்த நன்றி இவருக்கு இன்றும் உண்டு. சென்ற வருடம் அவர் கம்பெனியில் புதிதாகச் சில பெண்களைப் பாக்கிங் வேலைக்கு எடுத்தார்கள். காப்பீட்டுப் பதிவுக்கு முதலாளியின் கையெழுத்து வேண்டும். விண்ணப்பத்தை மாதக் காகிதங்களோடு வைத்து அனுப்பினோம். மற்றதெல்லாம் கையெழுத்தாகி வந்தது, அது மட்டும் வரவில்லை. அடுத்த மாதமும் அனுப்பினோம், அதற்கடுத்த மாதமும் அனுப்பினோம். என்னவென்று கேட்டு வரட்டுமா என்றேன். முதலாளி பங்குச் சந்தா கட்டப் பணமுடையாக இருக்கும், நாம் கேட்டால் அவர் முகம் வாடிவிடும், தானாகப் போடுவார் என்று விஜயகுமாரி என்னைத் தடுத்துவிட்டார்.

இப்படியே மழைக்காலம் போய்விட்டது.

ஒருநாள் காலையில் சாயிமா படியேறி வந்தாள். அந்தப் புதுப் பெண்களில் ஒருத்தி, நிறைமாதம். கால் இரண்டும் வீங்கியிருந்தன. இரத்தக் கொதிப்பு அதிகம், ஆபரேஷன் செய்ய வேண்டிவரலாம் என்று தர்ம கிளினிக் டாக்டர் சொல்லியிருக்கிறார். கம்பெனி ஆளுக்குத்தான் காப்பீடு உண்டே என்று தொழிலாளர் ஆஸ்பத்திரிக்குப் போயிருக்கிறாள். அவள் பெயரே பதிவில் இல்லை என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள். இதை எங்களிடம் சொல்லும்போதும், தொந்தரவு கொடுப்பதற்கு மன்னிக்கும்படி இரண்டு தடவை கேட்டுக்கொண்டாள்.

விஜயகுமாரி எழுந்து செருப்பை மாட்டினார். உடனே டாக்ஸி பிடித்துக் கம்பெனிக்குப் போனோம். பர்கத்துல்லா தேநீர் வரவழைத்தார், உடைந்த ஜெனரேட்டரைப் பற்றிப் பேசினார், மாவு விலையைப் பற்றிப் பேசினார். இவரும் எல்லாவற்றுக்கும் தலையாட்டினார். எனக்குப் பொறுமை போய், நாமே கேட்டுவிடுவோம் என்று வாயைத் திறந்தேன். அதற்குள் விஜயகுமாரியே கேட்டுவிட்டார்.

“அண்ணே, அந்த பாரத்துல நீங்க ஏன் கையெழுத்துப் போடல?”

பர்கத்துல்லா மேஜை இழுப்பறையைத் திறந்து, நாங்கள் அனுப்பிய விண்ணப்பங்களை ஒன்றன்மேல் ஒன்றாக எடுத்து வைத்தார். எல்லாவற்றிலும் முதலாளி என்ற இடத்தில் அவருடைய அண்ணன் பெயர் இருந்தது. கம்பெனியைத் தன் பெயரில் வைத்திருந்த அந்த அண்ணன் அந்த வருடத் தொடக்கத்திலேயே மவுத்தாகிவிட்டார். துக்கம் கேட்கப் போய் விஜயகுமாரி அழுதுவிட்டு வந்ததை நானே பார்த்தேன். ஆபீஸுக்கு வந்தவர் பழைய படிவத்தையே திரும்பத் திரும்ப நகல் எடுத்திருக்கிறார். அதைச் சுமந்துகொண்டு போன நானும் ஒருநாளாவது படித்துப் பார்த்தேனா என்றால், இல்லை.

“நீங்க எங்க அண்ணனுக்காக அழுத ஆளு தங்கச்சி,” என்றார் பர்கத்துல்லா. “தப்பாப் போட்டிருக்கீங்கன்னு எப்படிச் சொல்றது? அனாடேயா இருந்துச்சு. நீங்களே பாத்துத் திருத்திருவீங்கன்னு வச்சிருந்தேன்.”

கெட்டவர் ஒருவரும் இல்லை. அதுதான் எனக்கு ஆத்திரம். கெட்டவர் ஒருவர் இருந்திருந்தால் சண்டை போட்டாவது வேலையை முடித்திருப்போம். இரண்டு நல்லவர்கள் ஒருவர் மனதை ஒருவர் நோகடிக்காமல் காத்துக்கொண்டிருந்த நேரத்தில் ஒரு பெண்ணின் பெயர் இழுப்பறையில் கிடந்திருக்கிறது.

அன்றே புது விண்ணப்பம் எழுதி, கையெழுத்து வாங்கி, நான் கொண்டுபோய்க் கொடுத்தேன். அதிகாரி நல்ல மனிதர்தான். இன்றைக்குப் பதிந்தால் இன்றையிலிருந்துதான் கணக்கு, சந்தா கட்டிய மாதங்கள் சேர்ந்தால்தான் பிரசவச் சலுகை, முன்தேதி போட விதியில் இடமில்லை என்றார். விஜயகுமாரி நேரில் போயும் கேட்டுப் பார்த்தார். அவரைவிட அந்த விதியை நன்றாகத் தெரிந்தவர் யார்? தெரிந்தேதான் போய்க் கேட்டார்.

ஒரு பொது ஆஸ்பத்திரியில் இடம் பிடிக்க இவர் அலைந்துகொண்டிருக்கும்போதே சாயிமாவுக்கு வலி எடுத்துவிட்டது. அவள் புருஷன் டாக்ஸியில் வைத்துக்கொண்டு இரண்டு ஆஸ்பத்திரி வாசலில் நின்றும் சேர்க்கவில்லை, மூன்றாவது இடத்தில்தான் உள்ளே எடுத்தார்கள். வழியிலேயே வலிப்பு வந்திருக்கிறது. தாயும் பிள்ளையும் பிழைத்தார்கள். தலைக்கு வந்தது தலைப்பாகையோடு போயிற்று என்று நான் சொன்னேன். விஜயகுமாரி என்னை ஒரு பார்வை பார்த்தார். அதற்குப் பிறகு அந்தப் பழமொழியை நான் அவர் முன்னால் சொல்வதில்லை.

நாற்பது நாள் கழிந்து சாயிமா பிள்ளையைத் தூக்கிக்கொண்டு ஆபீஸுக்கு வந்தாள். அவளுடைய புது காப்பீட்டு அட்டை தயாராகியிருந்தது. விஜயகுமாரி இரண்டு கையாலும் அட்டையை நீட்டி, நடந்தது முழுக்கத் தன்னுடைய பிழை என்று ஒளிவுமறைவில்லாமல் சொன்னார். சாயிமா வழக்கம்போலச் சிரித்து, பரவாயில்லை, ஒன்றுமில்லை என்றாள். இந்த ஊரில் பேச்சு அத்தோடு முடிந்துவிடும், எல்லோரும் தேநீர் குடிக்கலாம்.

விஜயகுமாரி முடிக்க விடவில்லை. “பரவாயில்லேன்னு சொல்லாத சாயிமா. மனசுல இருக்கறதச் சொல்லு.”

சாயிமா பிள்ளையைத் தோள் மாற்றிப் போட்டாள். “ரெண்டாவது ஆஸ்பத்திரில கேட்ட மூடினப்போ,” என்றாள், “ஒங்க பேரச் சொல்லித் திட்டினேன் அக்கா. நான் செத்தா ஒங்களாலதான்னு பிள்ளையோட அத்தாட்ட சொன்னேன்.”

“அத இப்பச் சொல்லு. எங்கிட்டச் சொல்லு.”

அவள் சொன்னாள். முதலில் தமிழில் தொடங்கி, போதாமல் பர்மாவுக்கு மாறி, அழுதுகொண்டே திட்டினாள். பிள்ளையும் சேர்ந்து அழுதது. விஜயகுமாரி ஒரு வார்த்தை மறுத்துப் பேசாமல் நின்று கேட்டார், அவர் கண்ணிலும் தண்ணீர் வழிந்தது. கீழே தேநீர்க் கடைக்காரர் ஏறி வந்து எட்டிப் பார்த்துவிட்டுப் போனார்.

எல்லாம் ஓய்ந்ததும் விஜயகுமாரி முகத்தைத் துடைத்துக்கொண்டு பர்கத்துல்லாவுக்குப் போன் போட்டார்.

“அண்ணே, சாயிமா இங்கதான் இருக்கு. நான் கேட்டுக்கிட்டேன். ஒங்க பங்கு பாக்கி இருக்கு, வந்து கேட்டுக்கிட்டுப் போங்க.”