இன்னொரு தடவை தூக்கச் சொன்னேன்

வீட்டிலேயே வருடக்கணக்காக முதியவர்களைப் பார்த்துக்கொள்கிறவர்களைப் பற்றி ஓர் ஆவணப்படம் எடுத்துக்கொண்டிருந்தேன். குலசேகரத்தில் அந்தத் தம்பதியைச் சந்தித்த அன்றே என் படம் கிடைத்துவிட்டது என்று நினைத்தேன். பெரியவர் ரப்பர் ஷீட் கடையில் சுமை தூக்கி ஓய்ந்தவர். எழுபதைத் தாண்டியும் தோள் இறங்கவில்லை. அந்த அம்மாவுக்கு வாதம் வந்து வலப்பக்கம் விழுந்துவிட்டது. பேச்சும் ஒன்றிரண்டு சொற்களாகக் குறைந்துவிட்டது. குளிப்பாட்டுவது, தலை பின்னிவிடுவது, கஞ்சி ஊட்டுவது எல்லாம் பெரியவர்தான். ஒரே மகள் குவைத்தில் நர்ஸ்.

காலையில் அம்மாவைக் கட்டிலிலிருந்து நாற்காலிக்கு மாற்றுவதுதான் எனக்கு வேண்டிய காட்சி. அம்மாவின் இடக்கையைத் தன் கழுத்தில் போட்டுக்கொண்டு, "ஏட்டி, பிடிச்சுக்கோ" என்பார். ஒரே மூச்சில் தூக்கிவிடுவார். முதல் தடவை எடுத்தபோது ஜன்னல் வெளிச்சம் அவர் முகத்தில் விழவில்லை. இன்னொரு தடவை செய்ய முடியுமா என்று கேட்டேன். மறுபடி கட்டிலுக்குக் கொண்டுபோய், மறுபடி தூக்க வேண்டும். அவர் உடனே சம்மதித்தார். நான் வரத் தொடங்கியதிலிருந்து சட்டையைத் தேய்த்துப் போட்டுக்கொண்டு உற்சாகமாக இருந்தார்.

"வேண்டாம்" என்றார் நாற்காலியில் இருந்த அம்மா.

தெளிவாகத்தான் கேட்டது. வெட்கப்படுகிறார் என்று எடுத்துக்கொண்டேன். அப்படி எடுத்துக்கொள்வது எனக்கு வசதியாக இருந்தது.

இந்த முறை பாதியிலேயே பெரியவரின் முகம் வெளுத்தது. ஆனாலும் பிடியை விடவில்லை. மனைவியை மடியில் தாங்கியபடியே தரையில் சரிந்து உட்கார்ந்துவிட்டார். நான் ஓடிப்போயிருக்க வேண்டும். ஃபோகஸைச் சரிசெய்தேன். அம்மா கேமராவையே பார்த்துக்கொண்டிருந்தார். அதற்குப் பிறகுதான் அதைக் கீழே வைத்தேன்.

முதுகில் டிஸ்க் விலகிவிட்டது, இனி ஒரு குடம் தண்ணீர்கூடத் தூக்கக்கூடாது என்றார் டாக்டர். மகள் விடுப்பில் வந்து, அஞ்சுகிராமம் பக்கத்தில் பெண்களுக்கான ஓர் இல்லத்தில் அம்மாவைச் சேர்த்தார். நடந்ததை அவரிடம் சொன்னேன். அவர் என்னைத் திட்டவில்லை. அம்மாவின் துணிகளை மடித்துக்கொண்டே இருந்தார்.

அந்தக் காட்சியை அழித்துவிடலாம் என்று பலமுறை நினைத்திருக்கிறேன். அழித்தால் நிம்மதி எனக்கு மட்டும்தான். அழிக்கவில்லை. படம் முடிக்கப்படாமல் அப்படியே நிற்கிறது.

ஞாயிற்றுக்கிழமைகளில் பெரியவரை என் காரில் இல்லத்துக்குக் கூட்டிப்போகிறேன். "நீ கேக்கலன்னாலும் என்னைக்காவது முறிஞ்சிருக்கும் மக்கா" என்றார் ஒருநாள். இருக்கலாம். ஆனால் முறிந்தது நான் கேட்ட அன்றைக்கு.

இல்லத்தில் இரண்டு பெண்கள் சேர்ந்து அம்மாவைத் தூக்குவார்கள். வாசலில் நின்றபடி பெரியவர், "வலத்தோளு நோவும், பைய" என்பார்.

ஒருமுறை அவர் வெளியே போயிருந்தபோது அம்மாவின் பக்கத்தில் உட்கார்ந்தேன். "நீங்க வேண்டாம்னு சொன்னது எனக்குக் கேட்டுது" என்றேன். அவர் உதடுகள் வெகுநேரம் சொல்லைத் தேடின. வசவுக்காகக் காத்திருந்தேன்.

"அவியளுக்கு... சோறு... ஆரு?"

மத்தியானம் பக்கத்து வீட்டில் கொடுக்கிறார்கள், ராத்திரி அவரே தோசை சுட்டுக்கொள்கிறார் என்றேன். கேட்டுவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டார். இப்போது ஒவ்வொரு வாரமும் என்னிடம்தான் கேட்கிறார். பெரியவரைக் கேட்டால் வயிறு நிறையச் சாப்பிட்டதாகப் பொய் சொல்வார் என்று அவருக்குத் தெரியும்.