அம்மாவிடம் பிடுங்கிய துண்டு

கௌனாக் பனிக்கடலோரத்து எங்கள் ஊருக்குத் தண்ணீர் லாரி ஓட்டுபவன். அவன் குரல் லாரியை விடப் பெரிது. அதனால்தான் உள்ளூர்ப் பையன் சைமனி தான் எடுக்கும் படத்துக்கு அவனைப் பிடித்தான். முழுக்க எங்கள் இனுயிட் சனங்களின் இனுக்டிடுட் மொழிப் படம். வசனம் எழுதிய தாள் ஒன்றுகூடக் கிடையாது.

"கோவம் வந்தா நம்ம ஆளுங்க என்ன பேசுவாங்களோ, அதையே பேசுண்ணே" என்றான் சைமனி.

பஞ்ச காலக் காட்சி. அனாதைச் சிறுமி கையிலிருக்கும், கடலில் வேட்டையாடிய சீல் விலங்கின் இறைச்சியைக் கௌனாக் பிடுங்கித் தின்ன வேண்டும். சிறுமியாக நடிக்க வந்து நின்றவள் அவன் தங்கை மகள் அலூக்கி. ஆறு வயது.

கௌனாக் பின்வாங்கினான். அவன் அம்மா செத்த கையோடு பிறந்தவள் அவள். அம்மாவின் பெயரையே அவளுக்கு வைத்தார்கள். எங்கள் வழக்கத்தில் பெயர் வந்துவிட்டால் ஆளும் வந்தாயிற்று. அவன் அவளை அம்மா என்பான், அவள் அவனை மகனே என்பாள். எப்போது சீல் அறுத்தாலும் ஈரலின் முதல் துண்டு அவளுக்கு. அவளை ஒருவரும் அதட்டியதில்லை.

"டேய், அது எங்கம்மாடா."

"எனக்குத் தெரியாதா? கேமரா முன்னாடி மட்டுந்தான் அனாதை. இத செய்ய உன்ன விட்டா யாருண்ணே இருக்கா?"

அந்தப் பேச்சில் விழுந்தான் மடையன்.

"திங்கறதுக்குன்னே பொறந்த வயிறு! போ, நாய்ங்களோட படு!" என்று கத்திப் பிடுங்கினான். அலூக்கி அழுதாள். அது நடிப்பில்லை. சைமனி கைதட்ட, வெட்கங்கெட்டவன் பல்லைக் காட்டினான்.

பள்ளிக்கூட அரங்கில் படம் ஓடியபோது ஊரே திரண்டது. அதோடு விட்டதா? இங்கிலீஷ் தவிர வேறு பேசாத வாண்டுகள் கடை வாசலில், "போ, நாய்ங்களோட படு!" என்று எங்கள் மொழியில் ஒன்றையொன்று விரட்டின. பள்ளிக்கூட ஆசிரியை அவன் லாரியை மறித்து, "பசங்க வாயில நம்ம பேச்சு வந்துருச்சு. எல்லாம் உன்னாலதாம்ப்பா" என்று உருகினாள். அவனுக்கு நாக்கைப் பிடுங்கிக்கொண்டு சாகலாம் போலிருந்தது. தங்கை வீட்டுக்குத் தண்ணீர் ஊற்றப் போனால்கூட ஜன்னல் பக்கம் திரும்ப மாட்டான். ஊர் புகழப் புகழ, அம்மா முகத்தில் விழிக்கத்தான் கூசியது.

பனி இளகும் பருவத்தில் அவனுக்கு ஒரு சீல் கிடைத்தது. ஈரலை வேறு யாருக்குக் கொடுப்பது? தங்கை வீட்டுத் தரையில் அட்டை விரித்து அறுத்தார்கள். சொந்தமெல்லாம் சுற்றி உட்கார்ந்திருந்தது. கௌனாக் முதல் துண்டை நீட்டினான்.

"இந்தாம்மா."

அலூக்கி கைகளை முதுகுக்குப் பின்னால் வைத்துக்கொண்டாள். மூலை மூலையாகப் பார்த்தாள்.

"கேமரா எங்க இருக்கு, மகனே?"

 அத்தனை பெரிய குரல்காரன் குனிந்து மெல்லச் சொன்னான்.

"கேமரா இல்லம்மா. நெசமா உனக்குத்தான்."

அவள் வாங்கிக்கொண்டாள். சுவரோரம் போய், அவனுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்து, அவசர அவசரமாகத் தின்றாள்.