ஜிம்னாசியத்தின் வாசலில் ஃபஸ்னா

பஹ்ரைன் தலைநகர் மனாமாவில் உள்ள அந்த ஐரோப்பியப் பள்ளியின் நடைவழியில் மூன்று படங்கள் தொங்குகின்றன. முதலாவதில் கிரேக்க இளைஞர்கள் மணலில் மல்யுத்தம் செய்கிறார்கள். தூணோரம் தாடிக்காரர் ஒருவர் நின்று ஏதோ விவாதிக்கிறார். இரண்டாவதில் கறுப்பு அங்கி அணிந்த சிறுவர்கள் லத்தீன் பாடம் ஒப்பிக்கிறார்கள். மூன்றாவது ஒரு தேர்வு மண்டபம். ஆய்வக உதவியாளர் அஸ்கர் அலி, படங்களுக்குக் கீழே ஜெர்மன் மொழியில் இருந்த குறிப்புகளை அகராதியின் துணையோடு தாமாகவே படித்து முடித்தவர். ஜிம்னாசியம் உடற்பயிற்சித் திடலாகப் பிறந்தது, தத்துவம் பேசும் இடமாக வளர்ந்தது. பல நூற்றாண்டுகள் கழித்து அதன் பெயரை லத்தீன் பள்ளிகள் எடுத்துக்கொண்டன. பின்னர் ஜெர்மானியரின் பிரஷ்ய அரசு அப்பள்ளிகளைப் பல்கலைக்கழகத்தின் வாசலாக ஆக்கியது. ஜிம்னாசியத்தின் கதை அவ்வளவுதான். அந்த வாசலுக்குள் தம் மகள் ஃபஸ்னா நுழைய வேண்டும் என்பதே அவருடைய விருப்பம்.

அவர் கீழக்கரைக்காரர். பன்னிரண்டாம் வகுப்போடு படிப்பை நிறுத்திவிட்டு, உறவினரின் அத்தர் கடைக்கு வேலையாளாக பஹ்ரைன் வந்தார். கடை மூடப்பட்டதும் இந்தப் பள்ளியில் துப்புரவுப் பணி கிடைத்தது. குடுவைகளைக் கழுவிக் கழுவியே ஆய்வக வேலையைக் கற்றுக்கொண்டார். ஊழியரின் பிள்ளைக்கு இங்கே கல்வி இலவசம். விசாவும் பள்ளியுடையதே. குதைபியாவில் வாடகை வீடு, மனைவி மெஹர்பானு, மகள் ஃபஸ்னா என்று எல்லாமே அந்த ஒரு வேலையில் தொங்கிக்கொண்டிருந்தன.

நான்காம் வகுப்பு முடிவில் ஆசிரியர்கள் கூடிப் பிள்ளைகளை இரண்டாகப் பிரிப்பது அப்பள்ளியின் வழக்கம். மதிப்பெண் சராசரி உயர்ந்தவர்களுக்கு ஜிம்னாசியப் பிரிவு. மற்றவர்களுக்குப் பத்தாம் வகுப்போடு முடியும் பிரிவு. ஐரோப்பாவில் அப்படி முடித்தவர்களைத் தொழிற்பயிற்சி ஏற்றுக்கொள்ளும். இங்கே, வேலைக்கு வந்தவரின் மகளை ஏற்றுக்கொள்ள அப்படி எந்தப் பட்டறையும் கிடையாது.

கணக்கு, அறிவியல், ஜெர்மன் மூன்றிலும் ஃபஸ்னா முதல் வரிசையில் இருந்தாள். அரபியில் மட்டும் கடைசி வரிசை. அந்த வீழ்ச்சி சேர்க்கை நாளன்றே தொடங்கிவிட்டது.

அன்று அரபி ஆசிரியர் ஒரு பக்கத்தை நீட்ட, ஆறு வயது ஃபஸ்னா அதைத் தட்டுத்தடங்கலின்றி வாசித்தாள். நிறுத்தம், நீட்டல், தொண்டையிலிருந்து வரும் ஒலி என எல்லாமே உம்மாவிடம் குர்ஆன் ஓதிப் பழகியவை. "மாஷா அல்லாஹ்" என்று வியந்த ஆசிரியர், அரபியைத் தாய்மொழியாகக் கொண்ட பிள்ளைகளின் வகுப்புக்கு அவளைப் பரிந்துரைத்தார். அவள் வாசித்ததன் பொருளை யாரும் கேட்கவில்லை; அவளுக்கும் அது தெரியாது. சேர்க்கை அலுவலர் சேதுராமன் கும்பகோணத்துக்காரர். அவர்தான் படிவத்தை நிரப்பினார்.

"வீட்டு மொழி அரபின்னு போட்டுடறேன் பாய். அந்த கிளாஸுக்கு அப்படித்தான் போடணும். பெரிய கிளாஸ், மதிப்பா இருக்கும்."

அஸ்கர் அலி தயங்கினார். ஆனாலும், வேதத்தின் மொழியை அந்நிய மொழி என்று எழுத அவருக்குக் கை கூசியது. கையெழுத்திட்டார். அதன் நகலையும் கேட்டு வாங்கிக் கோப்பில் வைத்தார்.

நான்கு ஆண்டுகளுக்குப் பின் அதே மேசையின் முன் நின்றார்.

"தொடக்க நிலை அரபிக்கு மாத்திடுங்க சார். இந்த அரபி மார்க்கு ஒண்ணைக் கணக்குல விட்டுட்டா புள்ள ஜிம்னாசியத்துக்குப் போயிரும்."

"மாத்தலாம் பாய். வீட்டு மொழி அரபி இல்லைன்னு எழுதிக் கொடுங்கோ."

"எழுதிருவேன் சார்."

"அவசரப்படாதேள். முன்னாடி எழுதினது பொய்னு ஆயிடும். ஸ்டாஃப் பொய் டிக்ளரேஷன் கொடுத்து இலவச சீட் வாங்கினாருன்னு மேனேஜ்மென்ட் சொல்லும். கான்ட்ராக்ட் கலாஸ், முடிஞ்சுது."

"எழுதினது நீங்க சார்."

சேதுராமன் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "கையெழுத்து உங்களோடதுதானே? எனக்கும் ரெண்டு பசங்க இருக்கா பாய்."

அஸ்கர் அலி நடைவழியில் நடந்தார். இரண்டாவது படத்தருகே கால்கள் தாமாக நின்றன. வீட்டில் பேசாத லத்தீனை உரக்க ஒப்பித்த அந்தச் சிறுவர்களில் எத்தனை பேருக்குப் பொருள் தெரிந்திருக்கும்? அவர்களுக்கும் யாராவது ஆறு வயதில் தாய்மொழி லத்தீன் என்று எழுதியிருந்தால் என்னவாகியிருப்பார்கள்? இதைக் கேட்க அந்தக் கட்டடத்தில் அவருக்கு ஆளில்லை.

வீட்டில் மெஹர்பானு மாவு பிசைந்துகொண்டே கேட்டாள்.

"என்ன மச்சான் சொன்னாக?"

சொன்னார். அவள் கை நின்றது.

"நான் ஓதிக் கொடுத்தது தப்பாப் போச்சா?"

"ஓதுனது தப்பில்ல புள்ள. நான் கையெழுத்துப் போட்டதுதான்."

"அப்ப உண்மைய எழுதிக் குடுத்துருங்க. அல்லா பாத்துக்குவான்."

"எழுதுனா வேலை போகும். வேலை போனா விசா போகும். விசா போனா ஜிம்னாசியமும் இல்ல, ஒண்ணும் இல்ல. எழுதலைன்னா புள்ள பத்தாவதோட நிக்கும்."

"இந்தியன் ஸ்கூல்?"

"ஃபீஸுக்கு எங்க போவ?"

"ஊருக்கு?"

"அவளுக்குத் தமிழ் எழுதத் தெரியுமா?"

மெஹர்பானு மீண்டும் மாவைப் பிசைந்தாள், தேவைக்கு மேல் அழுத்தி. எந்தப் பக்கம் திரும்பினாலும் அவர் தம் கையெழுத்தின் மீதே முட்டிக்கொண்டார்.

அவர் எழுதிக் கொடுக்கவில்லை. ஆசிரியர் கூட்டம் நடந்த அன்று, கூட்ட அறைக்கு நாற்காலிகளைக் கொண்டுபோய் வைத்தது அவர்தான். பணியில் இருந்தார், உத்தரவு வந்தது, வைத்தார். உள்ளே என்ன பேசினார்கள் என்று தெரியாது.

மறுவாரம் முடிவு உறையில் வந்தது. ஃபஸ்னாவே அதைப் பள்ளிப்பையிலிருந்து எடுத்தாள். அஸ்கர் அலி கையை நீட்டினார். அவள் கொடுக்கவில்லை.

"நான் வாசிக்கிறேன் வாப்பா. உங்க ஜெர்மன் ரொம்ப ஸ்லோ."

சுவரில் சாய்ந்துகொண்டு, ஓதும்போது வரும் அதே தெளிவான குரலில், ஓரிடத்திலும் தடுக்காமல் கடைசி வரி வரை வாசித்தாள். பத்தாம் வகுப்போடு முடியும் பிரிவின் பெயர் அஸ்கர் அலியின் காதில் விழுந்தது. மெஹர்பானுவுக்கு ஒரு சொல்லும் விளங்கவில்லை. குரல் அழகாக இருந்ததால் நல்ல செய்தி என்று எண்ணி, "மாஷா அல்லாஹ்" என்றாள்.

ஃபஸ்னா தாளை மடித்தாள். மடித்த ஓரத்தை நகத்தால் நீவினாள்.

"உம்மா, இதுக்கு எனக்கு மீனிங் தெரியும்" என்றாள். "சொல்லவா?"

அஸ்கர் அலி தலை குனிந்துகொண்டார்.