தோற்காதவருக்குப் பொன்னாடை

தொண்ணூற்றாறின் கடைசியில் கலிபோர்னியாவின் பே ஏரியாவில் ஒரு தமிழரின் மளிகைக் கடைக்கு வேன் ஓட்டிக்கொண்டிருந்தேன். அதற்கு முன் டெக்சாஸில் பாத்திரம் கழுவினேன். என் குடியேற்ற வழக்கு முடியாததால் லைசென்ஸைப் புதுப்பிக்க மறுத்தார்கள். லைசென்ஸ் போனால் வேலையும் போகும்.

முந்தைய முறை எங்கள் தொகுதியின் மாநிலச் சட்டமன்ற உறுப்பினர்தான் உதவினார். சட்டமன்றத்தின் போக்குவரத்துக் குழுவில் இருந்த எதிர்க்கட்சிக்காரர் அவருக்குப் பழைய நண்பர். ஒரே போனில் வேலை முடிந்தது.

இம்முறை தேர்தலில் வேறொருவர் ஜெயித்திருந்தார்.

"பாவம்டா, தோத்துட்டார். இப்பதான் போய்ப் பாக்கணும்" என்றார் முதலாளி. பொன்னாடையோடு போனோம். அலுவலகத்தைக் காலிசெய்துகொண்டு அட்டைப்பெட்டிகளுக்கு நடுவில் நின்றவருக்குப் போர்த்தி, "டோன்ட் வொர்ரி சார், நெக்ஸ்ட் டைம் யூ வின்" என்றார்.

அவர் சிரித்தார். தோற்கவில்லையாம், போட்டியிடவே இல்லையாம். மூன்று பதவிக்காலத்துக்கு மேல் இருக்கக்கூடாதென்று மக்களே ஓட்டுப் போட்டுச் சட்டமாக்கிவிட்டார்களாம்.

"நல்லா வேலை செஞ்சாலும் வீட்டுக்குப் போகணுமா? நம்ம ஊர்ல இந்தச் சட்டம் வந்தா எப்டி இருக்கும்!" என்று முதலாளி என் பக்கம் திரும்பித் தமிழில் சொன்னார்.

"நல்லவனும் சேந்து போவான்ணே" என்றேன்.

"எத்தன பேரு போவான், சொல்லு?"

பழைய உறுப்பினரிடம் என் லைசென்ஸைப் பற்றிக் கேட்டேன். போனை எடுத்தவர் திரும்ப வைத்துவிட்டார். அந்த நண்பரும் அதே சட்டத்தால் வெளியே போயிருந்தார்.

ஜனவரியில் புதியவரிடம் இன்னொரு பொன்னாடையோடு போனோம். பரிசு வாங்கமாட்டேன் என்று மரியாதையாகத் திருப்பித் தந்தார். போக்குவரத்துக் குழுவில் இப்போது இருப்பவரை அவருக்கு முகம்கூடத் தெரியாது. எதிர்க்கட்சிக்காரரிடம் உதவி கேட்டது தெரிந்தால் தன் கட்சிக்காரர்களே அடுத்த முறை சீட்டைப் பறித்துவிடுவார்கள் என்றார். அவரோடு ஒருநாள் சேர்ந்து சாப்பிட்டுப் பாருங்களேன் என்றேன். நான் விளையாடுவதாக நினைத்துக்கொண்டார்.

பழையவர்கள் நாற்காலியில் ஊறிப்போனார்கள், போனது நல்லது என்று ரேடியோவில் ஒருவர் சொன்னார். அதுவும் சரியாகத்தான் பட்டது. பழையவரும் முதல் வருடம் இப்படித்தான் எதிர்க்கட்சிக்காரரோடு முறைத்துக்கொண்டிருந்தாரோ என்னவோ. கெடுத்தது சட்டமா ஆளா என்று இன்றும் எனக்குப் பிடிபடவில்லை.

லைசென்ஸ் முடிந்த அன்று சாவியைக் கொடுத்தேன். புதியவர் திருப்பித் தந்த பொன்னாடையை முதலாளி எடுத்து என் தோளில் போட்டார்.

"நீயும் தோக்கலடா. டைம் முடிஞ்சு போச்சு, அவ்ளோதான்."

வேறு வேலை தேடி நியூஜெர்சிக்குப் போன பஸ்ஸில் அதைப் போர்த்திக்கொண்டேன். சரிகை குத்தியது. குளிருக்கும் போதவில்லை.