மேயருக்கு ஒரு வாடகை நாக்கு

மேடையில் மாலை விழுந்தால் அது பேசுகிறவர் கழுத்தில் விழும், கல் விழுந்தால் பக்கத்தில் நின்று மொழிபெயர்க்கிறவன் தலையில் விழும். எங்கள் தொழில் இவ்வளவுதான். யாருக்காவது பின்னால் நின்றுகொண்டு ‘அவர் என்ன சொல்ல வருகிறார் என்றால்...’ என்று என்றைக்காவது ஆரம்பித்து மாட்டிக்கொண்ட அன்பர்களே, என் கதை உங்களுக்குப் புரியும்.

நான் மட்டாஞ்சேரியில் ஒரு சுக்குக் கிடங்கில் எடை போடுகிறவன். அப்பா காலத்திலேயே இங்கே வந்துவிட்ட குடும்பம். வீட்டில் தமிழ், தெருவில் மலையாளம். இந்த ஒரே தகுதிக்காக, எழுபதுகளின் கடைசியில், பாப்பச்சன் சேட்டன் என்னைக் கிடங்கிலிருந்து இழுத்துக்கொண்டு போனார். போர்ட் கொச்சி படகுத்துறைப் பக்கம் சாயாக்கடை வைத்திருந்தவர் அவர். இரண்டு பெரிய கட்சிகளிலும் சீட்டு கேட்டார். இரண்டிலும் சாயா குடித்துவிட்டு அனுப்பிவிட்டார்கள். ரோஷம் வந்து கார்ப்பரேஷன் தேர்தலில் சுயேச்சையாக நின்றார். சின்னம் குடை. எங்கள் வார்டில், கொச்சங்காடியை ஒட்டிய லைன் வீடுகளில், தமிழ் ஓட்டு நிறைய. மூட்டை தூக்குகிறவர்கள், கொத்தனார்கள், ஓட்டல் வேலைக்காரர்கள். பாதிப் பேர் புதிதாக வந்தவர்கள், மலையாளம் பிடிபடாதவர்கள்.

சம்பளம் கிடையாது, சாயா உண்டு என்றார். வீட்டில் வந்து பெருமையாகச் சொன்னேன். என் மனைவி காமாட்சி அப்போதுதான் தண்ணீர்க் குடத்தை இறக்கி வைத்துவிட்டு இடுப்பைப் பிடித்துக்கொண்டிருந்தாள். எங்கள் தெருக் கிணறு உப்புக் கரிக்கும். நல்ல தண்ணீருக்குப் பெண்கள் விடிவதற்கு முன்னால் குடத்தோடு கிடங்குத் தெருக் குழாய் வரை போகவேண்டும். அங்கே வரிசை, வரிசையில் சண்டை. அவள் என்னை மேலும் கீழும் பார்த்துவிட்டுச் சொன்னாள்: “நாக்கை வாடகைக்கு விடுதீங்க, சரி. வாடகையா நம்ம தெருவுக்கு ஒரு குழாய் வாங்கிட்டு வாங்க.”

குடையும் வெள்ளமும்

முதல் கூட்டம் எங்கள் தெரு முனையில். கைவண்டிதான் மேடை. மலையாளத்தைக் கொஞ்சம் உரக்கப் பேசினால் அது தமிழாகிவிடும் என்பது பாப்பச்சன் சேட்டனின் நம்பிக்கை. அதனால் என்னை ஓரமாகத் தள்ளிவிட்டு மைக்கை அவரே பிடித்துக்கொண்டார். “ப்ரியப்பட்ட தாய்மார்களே! ஞான் ஜயிச்சா இந்தத் தெருவில வெள்ளம் கொண்டுவரும்! ஓரோ வீட்டிலும் வெள்ளம்! மறக்காம குடைக்கு ஓட்டு போடணம்!”

மலையாளத்தில் வெள்ளம் என்றால் குடிக்கிற தண்ணீர். போன மாதம் திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து வந்து இறங்கியவர்களுக்கு வெள்ளம் என்றால் ஆட்டையும் மாட்டையும் அடித்துக்கொண்டு போவது. நான் கீழே நின்று “தண்ணி, தண்ணி” என்று கத்தினேன். யாரோ எனக்குத்தான் தாகம் என்று நினைத்து ஒரு டம்ளரை நீட்டினார்கள். முன்வரிசையில் பேச்சியம்மாள் உட்கார்ந்திருந்தாள். கொத்தனார் மனைவி, ஊருக்குப் புதுசு, வாய் மட்டும் பழசு. அவள் எழுந்து முந்தானையை உதறிக்கொண்டு சொன்னாள்: “வெள்ளத்தையும் இவரே கொண்டாருவாராம், குடையையும் இவரே தருவாராம். நல்ல யாவாரந்தான்!”

அவசரம்

வீடு வீடாக ஓட்டு கேட்கப் போனோம். ஒவ்வொரு வாசலிலும் கையைக் கூப்பி அவர் சொல்கிற வசனம் ஒன்றுதான்: “எனிக்கு ஒரு அவசரம் தரணம்.” மலையாளத்தில் அவசரம் என்றால் வாய்ப்பு. எனக்கு ஒரு வாய்ப்பு தாருங்கள் என்று கேட்கிறார், பாவம். நம் தமிழில், முன்பின் தெரியாத ஆள் வேர்த்து விறுவிறுத்து வாசலில் வந்து நின்று ‘அவசரம்’ என்றால் நாம் என்ன நினைப்போம்?

என் செருப்பு வார் அறுந்து நான் பின்தங்கிவிட்டேன். அதற்குள் அவர் ஓட்டல் மாஸ்டர் சுடலைமுத்து வீட்டு வாசலுக்குப் போய்விட்டார். சுடலைமுத்து இரக்க சுபாவம். உள்ளே ஓடி ஒரு வாளியில் தண்ணீர் மொண்டுவந்து அவர் கையில் கொடுத்தார். தண்ணீர் வாக்குறுதிக்குக் கிடைத்த ஆதரவு என்று எடுத்துக்கொண்டு, பாப்பச்சன் சேட்டன் அந்த வாளியைக் கோப்பை ஜெயித்தவர்போல் தலைக்கு மேலே தூக்கி எல்லோருக்கும் காட்டினார். கூட வந்தவர்கள் கைதட்டினார்கள். சுடலைமுத்து கொல்லைப்பக்கம் கையைக் காட்டி, குரலைத் தாழ்த்திச் சொன்னார்: “ஓட்டு எங்கயும் போயிராது சார், நீங்க மொதல்ல போயிட்டு வாங்க.”

அங்கியும் சாக்கும்

எப்படியோ ஜெயித்துவிட்டார். எங்கள் தெரு அவருக்குத்தான் போட்டது. சிரிக்க வைத்தவனுக்கு ஒரு ஓட்டு போட்டால் என்ன என்ற எண்ணமாக இருக்கலாம். கவுன்சிலில் இரண்டு கட்சியும் சரிக்குச் சரி. எதிராளி மேயராவதைவிட சாயாக்கடைக்காரன் ஆவதே மேல் என்று இரண்டு பக்கமும் தனித்தனியே முடிவு செய்ததில், பாப்பச்சன் சேட்டன் மேயராகிவிட்டார். கொடி கட்டிய கார், கழுத்தில் சங்கிலி, கால் வரைக்கும் அங்கி. அங்கி முந்தைய மேயருக்குத் தைத்தது. அவர் ஆறடி, இவர் என் தோள் உயரம்.

முதன்முதலாக அந்தக் கோலத்தில் கொச்சங்காடிக்கு வந்தார். சந்துக்குள் சுக்கு மூட்டை ஏற்றிய கைவண்டிகள் வரிசையாக நின்றன. கார் நுழையவில்லை. டிரைவர் ஹாரனை அமுக்கி அமுக்கிக் களைத்துப்போனார். கடைசியில் மேயர் இறங்கி நடந்தார். நான் பின்னால் அங்கியைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு போனேன், அதுவும் மொழிபெயர்ப்பில் சேர்த்தி. சுக்குத் தூசி மூக்கில் ஏறி, தும்மித் தும்மி அவர் கழுத்துச் சங்கிலி முதுகுப்பக்கம் போய்விட்டது. “மேயர் வருந்நு, மாறிக்கோ!” என்று டிரைவர் கத்தினார். வண்டி தள்ளுகிற அவறான் இக்கா திரும்பிக்கூடப் பார்க்காமல் சொன்னார்: “மேயராயாலும் மந்த்ரியாயாலும் சரி, முதல்ல சாக்கு போகட்டும், பின்னே மேயர் போயா மதி.”

விஷமம்

தமிழ்ப் பாத்திரக்கடைக்காரர் ஒருவர் இறந்துபோனார். நல்ல மனிதர். இரங்கல் கூட்டத்துக்கு மேயர் வந்தார். நான் முன்கூட்டியே கெஞ்சினேன்: சேட்டா, இன்றைக்கு மட்டும் நீங்கள் மலையாளத்தில் மெதுவாகப் பேசுங்கள், தமிழை என்னிடம் விட்டுவிடுங்கள். சரி என்றுவிட்டு, படத்துக்கு மாலை போட்டதும் உணர்ச்சிவசப்பட்டு உரக்கப் பேச ஆரம்பித்துவிட்டார். “எனிக்கு வளரெ விஷமம் உண்டு! என்டெ வீட்டில எல்லாவர்க்கும் விஷமம்! கார்ப்பரேஷன் முழுவன் விஷமம்!”

விஷமம் என்றால் அவர்களுக்கு வருத்தம். நமக்கு அது குறும்பு, அதற்கும் மேலே. நான் “வருத்தம், வருத்தம்” என்று சொல்லி முடிப்பதற்குள் பின்வரிசையில் ஒருவன் குபீரென்று சிரித்துவிட்டான். சாவுக்கூட்டத்தில் சிரிப்பு வந்தால் அடக்க முடியாது என்பது உங்களுக்கே தெரியும். இறந்தவரின் தம்பி மட்டும் சிரிக்கவில்லை. நேரே என்னிடம் வந்து கேட்டார்: “கார்ப்பரேஷன் பூரா விஷமம்னு ஊருக்கே தெரியும்வே. அத எங்க வீட்டு துக்கத்துல வந்து ஏன் ஒத்துக்கிடுதாரு?”

ஆலோசிக்காம்

இத்தனை கூத்துக்கு நடுவில் எங்கள் தெருவுக்குக் குழாய் மட்டும் வரவில்லை. மேயரைக் கேட்க யாருக்கும் துணிவில்லை. எல்லோரும் என்னைத்தான் கேட்டார்கள். சவரக்கடையில் பாதி முகத்தில் சோப்போடு உட்கார்ந்திருக்கும்போதுகூடக் கேட்டார்கள். மேயருடைய நாற்காலியும் ஆட ஆரம்பித்திருந்தது. அவர் இறங்கிவிட்டால் அடுத்து வருகிறவருக்கு எங்கள் தெரு எங்கே இருக்கிறது என்றே தெரியாது. ஒருநாள் கிடங்குத் தெருக் குழாயடியில் பெரிய தள்ளுமுள்ளு. காமாட்சியின் பித்தளைக் குடத்தை யாரோ பிடுங்கி எறிந்துவிட்டார்கள். நசுங்கிய குடத்தோடு, ஒரு சொட்டுத் தண்ணீர் இல்லாமல், அழுதுகொண்டே வந்தாள். அவள் அம்மா வீட்டிலிருந்து கொண்டுவந்த குடம் அது. ஊருக்கெல்லாம் பேசுகிற நாக்குக்காரன் நான், அன்றைக்கு உட்கார்ந்து அந்தக் குடத்தைத் தட்டி நிமிர்த்தப் பார்த்தேன், நிமிரவில்லை.

அந்த வாரமே எங்கள் தெருவில் கூட்டம். வரும் வழியில் மேயர் காரில் சொன்னார்: உறப்பாக உறுதி ஒன்றும் கொடுக்க முடியாது அண்ணாச்சி, பைப் முதலில் வேறு வார்டுகளுக்குப் போகும், அந்தக் கவுன்சிலர்களின் கையில்தான் என் கஸேர, அதாவது நாற்காலி, இருக்கிறது. மேடையேறினார். பெண்கள் காலிக் குடங்களோடு முன்னால் உட்கார்ந்திருந்தார்கள். மேயர் தொண்டையைச் செருமிக்கொண்டு உரக்கச் சொன்னார்: “பைப்பின்டெ காரியம்... ஆலோசிக்காம்!”

மலையாளத்தில் இதற்கு ‘யோசிப்போம்’ என்று பொருள். ஆபீஸ் பாஷையில், நடக்காது என்று பொருள். ஆனால் எங்கள் பெண்களின் காதில் அது ‘ஆலோசிக்காம’ என்று விழுந்தது. பேச்சியம்மாள் துள்ளி எழுந்தாள். “ஏட்டீ, ஆலோசிக்காமலே தாராராம்!” அவ்வளவுதான், குலவைச் சத்தம் பக்கத்துச் சந்து வரை கேட்டது. மேயர் திகைத்துப்போய் மைக்கை என் கையில் கொடுத்துவிட்டார். நசுங்கிய குடத்தை இடுப்பில் வைத்துக்கொண்டு காமாட்சி என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். நான் மைக்கில் சொன்னேன்: “குழாயைப் பற்றி இனிமேல் ஆலோசிக்க ஒன்றுமே இல்லை என்கிறார் மேயர்!”

கூட்டம் அவரைத் தோளில் தூக்கிவிட்டது. வாழ்க கோஷம், மாலை, போட்டோ. அவர் பிழைப்பில் அதுவரை அப்படி ஒரு கைதட்டல் வாங்கியதில்லை. தோளில் ஆடிக்கொண்டே என் பக்கம் குனிந்து, முகமெல்லாம் சிரிப்பாகக் கேட்டார்: “ஆலோசிக்காம்னு பறஞ்ஞதுக்கு இத்தற கையடியோ, அண்ணாச்சி?”

திறப்பு விழா

மறுநாள் பேப்பரில் வந்துவிட்டது, கொச்சங்காடித் தமிழர்களுக்கு மேயர் உறுதி என்று. கூடவே மாலையோடு போட்டோ. மேயர் என்னை ஆளனுப்பிக் கூப்பிட்டார். நீ என்னடா சொன்னாய் என்றார். நீங்கள் சொன்ன வார்த்தையைத்தான் சேட்டா, என்றேன். ‘ஆலோசிக்காம்... ஆலோசிக்காம...’ என்று அவரே வாய்க்குள் இரண்டு விதமாகவும் சொல்லிப் பார்த்தார். பிறகு என்னை ஒரு கெட்ட வார்த்தை சொன்னார், அதை நான் மொழிபெயர்க்கமாட்டேன். சொல்லிவிட்டுச் சிரித்தார். போட்டோவை இன்னொரு தடவை பார்த்தார். அந்தப் போட்டோவை விட்டுக்கொடுக்க அவருக்கு மனசு வரவில்லை என்றே நினைக்கிறேன். தெருவில் பள்ளம் தோண்ட ஆள் வந்துவிட்டது.

திறப்பு விழா அன்று இடவப்பாதி மழை, இங்கத்து ஜூன் மழை, கொட்டியது. கடலேற்றம் வேறு. சாக்கடையும் காயலும் கலந்து தெருவில் முழங்கால் ஆழம். மேயர் வேட்டியைத் தூக்கிக் கட்டி, ஒரு கையில் குடையும் மறு கையில் கத்திரிக்கோலுமாக ரிப்பனை வெட்டிக் குழாயைத் திருகினார். முதலில் வெறும் காற்று. பிறகு துருத் தண்ணீர். பிறகு பளிங்காக நல்ல தண்ணீர் கொட்டியது. முதல் குடம் காமாட்சியின் நசுங்கிய குடம். ஒரு கை அள்ளிக் குடித்துவிட்டு, மழையில் நின்றபடி அவள் சிரித்துக்கொண்டே அழுதாள். நானும் அழுதேன், மழையில் யாருக்கும் தெரியவில்லை. பேச்சியம்மாள் முழங்கால் தண்ணீரையும், மேயரின் குடையையும் மாறி மாறிப் பார்த்துவிட்டுச் சொன்னாள்: “சொன்ன சொல்லு தவறாத மனுசன்! வெள்ளத்தையும் கொண்டாந்துட்டாரு, குடையையும் கொண்டாந்துட்டாரு.”

வாடகை

அந்த மழைக்காலம் முடிவதற்குள் அவரை இறக்கிவிட்டார்கள். குழாய் கிடைக்காத வார்டு கவுன்சிலர்கள் ஒன்றுகூடி அவருக்கு எதிராக ஓட்டுப் போட்டுவிட்டார்கள். காரும் அங்கியும் போயின. பின்னால் இடக்கொச்சியில் நின்று பார்த்தார், அங்கே தமிழ் ஓட்டு இல்லை, தோற்றார். ஆனால் இறங்கிய மறுநாள் காலையில் நடந்தே எங்கள் வீட்டுக்கு வந்தார். திட்டப்போகிறார் என்று நினைத்தேன். நாற்காலியில் உட்கார்ந்து, “குடிக்கான் குறச்சு வெள்ளம்” என்றார். காமாட்சி புதுக் குழாயில் பிடித்த தண்ணீரைச் சொம்பு நிறையக் கொடுத்தாள். ஒரே மூச்சில் குடித்துவிட்டு, வாயைத் துடைத்துக்கொண்டு, வெளியே குழாயடியில் நிற்கிற பெண்களைக் கொஞ்ச நேரம் பார்த்தார். “கஸேர போயி. எனிக்கு விஷமம் உண்டு, அண்ணாச்சி” என்றார்.

அந்த ஒரு தடவை மொழிபெயர்ப்பு என் மனைவியுடையது. காமாட்சி காலிச் சொம்பை வாங்கிக்கொண்டு, அவருக்கும் புரியும்படி நிதானமாகச் சொன்னாள்: “உங்களுக்கு ஒரு விஷமமும் கெடையாது சேட்டா. விஷமம் பூரா எங்க வீட்டுக்காரருக்குத்தான்.”

கார்ப்பரேஷன் குழாய் என்று போர்டு மாட்டியிருக்கிறார்கள், மாட்டிக்கொள்ளட்டும். ஒரு ‘ம்’மின் தலையிலிருந்து புள்ளி உதிர்ந்த இடத்தில் முளைத்த குழாய் அது என்று எங்கள் தெருவுக்குத் தெரியும்.