சூசைமாணிக்கத்தின் தோசைக்கல் பிரேக்

நாகலாபுரம் பக்கம் மிளகாய் வத்தல் தரகு பார்த்துவந்த சூசைமாணிக்கத்தின் சைக்கிளுக்கு இரண்டு குணங்கள். கோடையில் நிறுத்தினால் நிற்காது. ஐப்பசியில் மிதித்தால் நகராது.

வெயில் காலத்தில் பிரேக் கட்டை காய்ந்துபோய் ரிம்மைத் தடவிக்கொடுக்குமே தவிரப் பிடிக்காது. மழை விழுந்துவிட்டாலோ, கரிசல் மண் கட்டைக்கும் ரிம்முக்கும் நடுவே களிபோல அப்பி இறுகிவிடும். அப்புறம் தோளில் தூக்க வேண்டியதுதான். வருஷத்தில் பாதி நாள் அவர் சைக்கிள்மேல் போனார். மீதி நாள் சைக்கிள் அவர்மேல் போனது.

எண்பத்து மூன்றாம் வருஷம் குருத்தோலை ஞாயிறன்று, புதுப்புடவை கட்டிய மனைவி ஸ்டெல்லாமேரியைக் கேரியரில் வைத்துக் கண்மாய்க்கரைச் சரிவில் இறங்கினார். சைக்கிள் சர்ச் வாசலை மரியாதையாகக் கடந்துபோய், கொம்பையாவின் ஆட்டுக்கிடைக்குள் படுத்துக்கொண்டது.

"மைனி, பூசை இங்கன இல்ல. அங்கன நடக்கு" என்றார் கொம்பையா.

ஸ்டெல்லாமேரி புழுக்கையை உதறிக்கொண்டு எழுந்தாள். "இனிமே இந்தச் சைக்கிள்ல நான் ஏறினா என் பேரு ஸ்டெல்லாமேரி இல்ல."

அன்றுமுதல் அவள் பூசைக்கு நடந்தாள். பெண்டாட்டியை நடக்கவிட்டு மிதித்துப் போகிற துணிச்சல் இல்லாததால் சூசைமாணிக்கமும் பின்னாலேயே உருட்டிக்கொண்டு போனார்.

"என்ன அண்ணாச்சி, சைக்கிளுக்கு நடை பழக்குதியளா?" என்பார் கொம்பையா, வாராவாரம் தவறாமல்.

வத்தல் விலை விழுந்த அன்றுகூட அயர்ந்து தூங்கியவருக்கு, அந்த வெறுங்கேரியர் மட்டும் தொண்டையில் முள்ளாகக் கிடந்தது. எப்படியாவது அவளை மறுபடி ஏற்றிவிட வேண்டும்.

மழைக்கு முந்திய ஒரு காலையில் அவருக்கு ஞானம் பிறந்தது. ஸ்டெல்லாமேரி இடுக்கியால் தோசைக்கல்லின் விளிம்பைக் கவ்வி அடுப்பிலிருந்து இறக்கினாள். இடுக்கியின் பிடியில் கல் அசையவில்லை. சூசைமாணிக்கத்தின் வாயிலிருந்த தோசையும் அசையவில்லை. பிடித்தால் இப்படியல்லவா பிடிக்க வேண்டும்! சக்கரத்தின் ஓரத்தைப் பிடிக்கப் போய்த்தானே சேறு மாட்டுகிறது? நடுவில் ஒரு கல்லைக் கோத்து, அதை இடுக்கியால் கவ்வினால் என்ன?

மேல்நாட்டில் இதற்கு டிஸ்க் பிரேக் என்று பேர்வைத்துக் கார்களில் பூட்டிவிட்டார்கள் என்பது அவருக்குத் தெரியாது. அவர்களுக்கும் சூசைமாணிக்கத்தைத் தெரியாது. ஆக, யாருக்கும் மனத்தாங்கல் இல்லை.

எட்டயபுரம் சைக்கிள் பட்டறைக்காரர் நந்தகோபால், சூசைமாணிக்கம் கொண்டுவந்த சாக்கைப் பிரித்துப் பார்த்தார்.

"அண்ணாச்சி, இது தோசைக்கல்லுல்லா?"

"நேத்து வரைக்கும்."

கல்லின் நடுவில் துளை போட்டு முன்சக்கரத்தில் முடுக்கினார்கள். இடுக்கியின் வாயில் செருப்புத் தோலை வைத்து, கம்பியால் பிரேக் கைப்பிடியோடு இணைத்தார்கள். பழைய கட்டைகளும் சேறு அடைக்கும் மட்கார்டுகளும் சாக்குக்குள் போயின. சைக்கிள் ரிப்பேரில் கிடக்கிறது என்று வீட்டில் சொல்லியாகிவிட்டது.

வீட்டிலோ வேறு ரிப்பேர். "கல்லுக்குக் காலா மொளச்சிருக்கு? போன மாசம் இரவல் வாங்குனவ பக்கத்து வீட்டுச் சந்தனமேரிதான். இடுக்கியையும் சேத்துல்லா அமுக்கிட்டா!" என்றாள் ஸ்டெல்லாமேரி, பக்கத்து வீட்டுக்குக் கேட்கும்படியாக. இரண்டு வீட்டுக்கும் பேச்சு நின்றது. களவு செய்யாதே என்ற கட்டளை சூசைமாணிக்கத்துக்கு ஞாபகம் வராமல் இல்லை. புருஷன் பெண்டாட்டிக்குள் அது செல்லாது என்று தாமே தீர்ப்பெழுதி, தாமே விடுதலையும் ஆனார்.

ஞாயிற்றுக்கிழமை. முந்தின நாள் நல்ல மழை. பாதையெங்கும் ஆண்கள் சைக்கிளைச் சுமந்துகொண்டிருக்க, முகமெல்லாம் சேறு தெறித்த சூசைமாணிக்கம் மிதித்து வந்தார். குறுக்கே கொம்பையாவின் கிடா வந்தது. கைப்பிடியை அழுத்தினார். சைக்கிள் கிடாவின் தாடியைத் தொட்டும் தொடாமலும் நின்றது. கிடா அசைபோடுவதைக்கூட நிறுத்தவில்லை.

ஸ்டெல்லாமேரி பார்த்தாள். காலுக்கு ஒரு மரக்கால் மண் ஒட்டியிருந்தது அவளுக்கு.

"மண்ணுக்காக ஏறுதேன். ஒங்களுக்காக இல்ல."

கண்மாய்ச் சரிவில் இறங்கி, சர்ச் வாசலில், கீச்சென்ற சத்தத்தோடு சைக்கிள் நின்றது. சனம் திரும்பியது. சந்தனமேரி மட்டும் குனிந்து சக்கரத்தைப் பார்த்தாள். இடுக்கி உரசி உரசிக் கல் பளபளத்தது. அவள் இரவல் வாங்கியபோதே விளிம்பில் இருந்த விள்ளல் தெளிவாகத் தெரிந்தது.

"ஏட்டி ஸ்டெல்லா! நான் களவாண்ட ஒன் தோசைக்கல்லு என்னமா சுத்துது பாத்தியா!"

ஸ்டெல்லாமேரி கல்லைப் பார்த்தாள், இடுக்கியைப் பார்த்தாள், கடைசியாகப் புருஷனைப் பார்த்தாள். அன்றைய பூசையில் அவரைப்போல மனமுருகி யாரும் வேண்டியிருக்க முடியாது.

பூசை முடிந்தது. அவள் நேராக வந்து கேரியரில் உட்கார்ந்தாள். "என் கல்லு போற எடத்துக்கு நானும் போவேன். மிதிங்க."

முன்னால் நடந்துகொண்டிருந்த சந்தனமேரியின் பக்கத்தில், "நிறுத்துங்க" என்றாள். நின்றது. இறங்கி அவள் கையைப் பிடித்து மன்னிப்புக் கேட்டாள். அப்புறம், கல் கிடைத்த சேதியைச் சொல்ல, தோழி கல்யாணசுந்தரி வீட்டு வாசலில் நிறுத்தச் சொன்னாள். அங்கேயும் நின்றது. பழைய பிரேக்காக இருந்திருந்தால் சூசைமாணிக்கம் ஒரு சாக்காவது சொல்லியிருக்கலாம்.

பாத்திரக்கடை வந்தது.

"நிறுத்துங்க. ரெண்டு தோசைக்கல்லு வாங்கணும்."

"ரெண்டு எதுக்குட்டி?"

"பின்சக்கரம் சும்மாத்தான கெடக்கு?"